பதில் ஸலாம்

ஞாயிற்றுக்கிழமை, முதல் ஆட்டம்.
பூங்கோதைதான் டிக்கெட் எடுத்தாள்,
கண்ணாஸ்பத்திரியில் என்னோடு சொட்டுமருந்து விடுகிறவள்.
எச் வரிசை. பதினொன்று, பன்னிரண்டு.

சுல்தான் வருமுன்பே தெரிந்துவிட்டது
சுல்தான் வருகிறான் என்று.
அதுவரை படம் மஞ்சளாக இருந்தது,
வயலும் கோபுரமும் குளித்து வந்த பெண்களுமாக.
சட்டென்று சாம்பல்.
இரண்டு காகம். புகை.
பிறகு திரை முழுக்க ஒரே ஒரு கண்,
சுர்மா வழிகிற கண்.

ஒரு நாளைக்கு நூறு கண் பார்க்கிறவள் நான்.
மேலூர்க் கண், உசிலம்பட்டிக் கண், பேரையூர்க் கண்.
மேலே பாருங்க, கீழே பாருங்க, என் காதைப் பாருங்க.
புரை முற்றியது, புழுதி விழுந்தது,
கரும்புத் தோகை கிழித்தது.
எதிலும் இன்னார் என்று எழுதியிருந்ததில்லை.
இவன் கண்ணில் எழுதியிருந்தார்கள்,
எழுத்துக்கூட்டத் தெரியாதவரும் வாசிக்கிற அளவில்.
அத்தாவும் வெள்ளிக்கிழமை சுர்மா இடுவார்.
காஜிமார் தெருப் பள்ளிக்குப் போய்த் திரும்பும்போது
கால் கிலோ பூந்தி வாங்கி வருவார்.
அந்தச் சுர்மா செய்தது அவ்வளவுதான்.

சுல்தான் ஆட்டுத்தொடையைக் கடித்தான்.
பிஸ்மி சொல்லவில்லை.
பாதிக் கறியோடு எலும்பைத் தூக்கி எறிந்தான்.
எங்கள் வீட்டில் அப்படி எறிந்திருந்தால்
மதினி கரண்டியோடு வந்திருப்பாள்.
சிரித்துவிட்டேன்.
பூங்கோதை திரும்பினாள், எதுவும் கேட்காமல்
பாப்கார்னை என் பக்கம் நகர்த்தினாள்.

ஊர் எரிந்தது.
எரியும்போது பின்னணியில் ஒரு குரல் எழுந்தது.
பாங்கு இல்லை, பாங்கு மாதிரி;
வார்த்தையை எடுத்துவிட்டு
இழுவையை மட்டும் வைத்துக்கொண்ட ஒன்று.
என் கை தன்பாட்டுக்குத்
துப்பட்டாவைத் தலைக்கு ஏற்றியது.
தீக்குள் ஒரு பிள்ளை ஓடிக்கொண்டிருக்க
நான் முக்காடு போட்டு உட்கார்ந்திருந்தேன்.
இறக்கினால் யாருக்கோ பயந்த மாதிரி.
இறக்காவிட்டால்
அந்த இசைக்கு மரியாதை செய்த மாதிரி.
இருட்டுதானே என்று விட்டுவிட்டேன்.

அப்புறம்தான் அது.
கூடாரத்துக்குள் தளபதி வந்தான்.
சுல்தான் குரலைத் தாழ்த்தி,
கோப்பையில் விஷம் ஊற்றுகிறவன்போல்,
அஸ்ஸலாமு அலைக்கும் என்றான்.
தளபதி தலையை மட்டும் ஆட்டினான்.
பதில் சொல்ல வேண்டுமென்று
எழுதியவருக்குத் தெரிந்திருக்காது.
வ அலைக்கும் ஸலாம்
என்றது என் உதடு.
பழக்கம்தான். போனை எடுத்தால் சொல்வது,
மீன்காரருக்குச் சொல்வது.
அதே நேரம் எனக்குப் பின்னால்,
மூன்று வரிசை தள்ளி, இடது பக்கம்,
கரகரத்த ஓர் ஆண்குரல்
அதையே சொன்னது.

அதற்குமேல் நான் படம் பார்க்கவில்லை.
முதுகால் கேட்டுக்கொண்டிருந்தேன்.

இடைவேளையில் தேடினேன்.
பப்ஸ் வரிசையில் தாடிக்காரர் ஒருவர் நின்றார்.
நெருங்கும்போது யாரோ அவரை
'டேய் பாண்டி' என்று கூப்பிட்டார்கள்.
எனக்கே வெட்கமாகிவிட்டது.
நானும் தாடியைத்தான் தேடியிருக்கிறேன்.

கடைசிச் சண்டையில் தலை உருண்டபோது
கொட்டகையே விசிலடித்தது.
இடது பக்கமும் விசில் கேட்டது,
அவராகவும் இருக்கலாம்.
நானும்தான் கைதட்டினேன்.
ராஜாவின் வெள்ளைக் குதிரை அவ்வளவு அழகு.

'தப்பா எடுத்துக்காதடி ஜைத்தூன், படம்தானே' என்றாள் பூங்கோதை
ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டே.
'சண்டை நல்லாருந்துச்சு' என்றேன்.
அது பொய்யில்லை.
மிச்சத்தைச் சொல்ல
அந்த நேரத்தில் எனக்கு வாய் வரவில்லை.
பார்க்கிங்கில் எல்லாரும் ஹெல்மெட் மாட்டியிருந்தார்கள்.

கோரிப்பாளையம் சிக்னலில் பக்கத்தில் ஒரு வண்டி நின்றது.
பெட்ரோல் டேங்கின்மேல் கவிழ்ந்து தூங்குகிற பையன்,
கையில் அட்டைக் கத்தி.
ஓட்டியவர் படத்தின் கடைசிப் பாட்டை
கரகரவென்று முனகிக்கொண்டிருந்தார்.
சொல்லலாமா என்று வாயெடுத்தேன்.

பச்சை விழுந்தது.